வகைப்பாடும் வகுப்பும்

திண்டுக்கல்லில் நான் ஏழாவது படித்துக்கொண்டிருந்த வருஷம், ஒரே வாரத்தில் இரண்டு விஷயங்கள் நடந்தன. 1970களின் நடுப்பகுதி. திண்டுக்கல் அப்போது மதுரை மாவட்டத்துக்குள் ஓர் ஊர்; தனி மாவட்டம் ஆனது 1985இல்தான். விஞ்ஞான வாத்தியார் கரும்பலகையில் ஓர் ஏணி வரைந்தார். மேல்படியில் உலகம். அதற்குக் கீழே தொகுதி, வகுப்பு, குடும்பம், பேரினம் என்று இறங்கி, அடிப்படியில் சிற்றினம். நாயை அந்த ஏணியில் படிப்படியாக இறக்கிக் காட்டினார். பிறகு மனிதனையும் இறக்கினார். நாயும் நாமும் மூன்றாவது படிவரை சேர்ந்தே வந்தது எங்களுக்கு ரொம்பவும் வேடிக்கையாக இருந்தது.

இரண்டு நாள் கழித்து குமாஸ்தா ஒருவர் படிவக் கட்டோடு வகுப்பறைக்கு வந்தார். உதவித்தொகைக்கான கணக்கெடுப்பு. ஒவ்வொருவராக எழுப்பிப் பெயர், தகப்பனார் பெயர் என்று கேட்டுக்கொண்டு வந்தவர், என் பக்கத்தில் இருந்தவனிடம், "வகுப்பு?" என்றார்.

"ஏழாம் வகுப்பு சார்."

"அது எனக்குத் தெரியாதாடா? உன் வகுப்பு என்ன?"

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். அவன் முகம் எப்படி இருந்தது என்று நான் பார்க்கவில்லை. பார்க்காமல் சிரிப்பதற்குத்தான் அந்த வயதிலேயே நாங்கள் பழகியிருந்தோமே. சாயங்காலம் வீட்டுக்குப் போகிற வழியில் அவன் சொன்னான்: "மொதல்ல பாலூட்டின்னு சொல்லலாமான்னு யோசிச்சேன். அப்புறம் அடிப்பாரோன்னு ஏழாம் வகுப்புன்னுட்டேன்."

இந்தச் சம்பவத்தை இத்தனை வருஷம் ஒரு ஹாஸ்யத் துணுக்காகவே பலரிடம் சொல்லிவந்திருக்கிறேன். அதில் ஹாஸ்யம் ஒன்றுமில்லை, ஒரு கேள்விதான் இருக்கிறது என்று உறைக்க எனக்கு வெகுகாலம் ஆயிற்று. ஒரே சொல் அந்த வாரத்தில் மூன்று வேலை செய்திருந்தது. பையன்களை வயசுப்படி அடைக்கும் அறை. நாயையும் மனிதனையும் ஒன்றாகச் சேர்க்கும் படி. அவனையும் என்னையும் பிரிக்கும் கட்டம். மூன்றும் வகுப்பு. இது தமிழின் தற்செயல்தானா?

தற்செயல் என்று சொல்ல முடியவில்லை. நம் கலைச்சொல்காரர்கள் உயிரினங்களைப் பிரிக்கச் சொற்கள் தேடியபோது அவர்கள் கைக்கு அகப்பட்டவை மனிதர்களைப் பிரித்த சொற்களே. தமிழ்நாட்டுப் பாடநூல்களாவது கொஞ்சம் கூச்சம் பார்த்தன. இலங்கைத் தமிழ்ப் பாடநூல்களில் அந்த ஏணி இன்னும் பச்சையாக இருக்கிறது: இராச்சியம், கணம், வகுப்பு, வருணம், குடும்பம், சாதி, இனம். வருணத்துக்குள் குடும்பம், குடும்பத்துக்குள் சாதி! அங்கே உயிரியல் படிக்கும் மாணவன் தவளையின் சாதியைப் பிழையில்லாமல் எழுதினால் அவனுக்கு மதிப்பெண் உண்டு. சிரிக்க அவசரப்பட வேண்டாம். லத்தீனிலும் இதே கதைதான். அவர்களுடைய 'கிளாஸிஸ்' ரோமாபுரியில் சொத்துக் கணக்குப்படி குடிமக்களைப் பிரித்த பிரிவு. 'ஆர்டோ' அந்தஸ்து வரிசை. 'ஜீனஸ்' என்றால் பிறப்பு, குலம். ஊரைப் பிரித்துப் பழகிய கைதான் காட்டையும் பிரிக்கப் போயிற்று.

இந்த இடத்தில் நம்மவர்கள் சிலருக்குத் தொல்காப்பியம் ஞாபகத்துக்கு வரும். வரட்டும், எனக்கும் வருகிறது. மரபியலில் உயிர்களை ஓரறிவு முதல் ஆறறிவு வரை புலன்களின் எண்ணிக்கைப்படி அடுக்கியிருப்பதையும், வெளியே வைரம் பாய்ந்தவற்றைப் புல் என்றும் உள்ளே வைரம் பாய்ந்தவற்றை மரம் என்றும் பிரித்திருப்பதையும் மேடைகளில் எத்தனை தடவை கேட்டிருக்கிறோம். அந்தக் கணக்கில் பனை புல். திண்டுக்கல்லிலிருந்து எந்தத் திசையில் வண்டியேறினாலும் கண்ணில் படும் பனையை, அத்தனை உயரத்தை, புல் என்று சொல்லத் துணிந்த கண் லேசான கண் அல்ல. தாவரவியலும் பனையைப் புல்லுக்குத்தான் பக்கத்தில் வைக்கிறது. இதைச் சொல்லிவிட்டு, ஒருவித்திலை இருவித்திலைத் தாவரங்களை நாம் அன்றே கண்டுபிடித்துவிட்டோம் என்று கைதட்டு வாங்குவதோடு மேடை முடிந்துவிடும்.

எனக்குப் பிடித்தது வேறோர் இடம். இளமைப் பெயர்களைச் சொல்லிக்கொண்டு வரும்போது, கன்று, பிள்ளை, குழவி போன்ற பெயர்கள் ஓரறிவு உயிருக்கும் பொருந்தும் என்று மரபியல் இடம் கொடுக்கிறது. இன்றும் நாம் வாழைக்கன்று என்கிறோம், தென்னம்பிள்ளை என்கிறோம். பசுவின் வயிற்றில் பிறந்ததற்கும் வாழையின் அடியில் முளைத்ததற்கும் ஒரே பெயர். அடுக்கு போட்ட அதே கை, அடுக்கைத் தாண்டிப் போக மொழிக்கு ஒரு திட்டிவாசலையும் விட்டுவைத்திருக்கிறது.

மேடைக்காரர்கள் சொல்லாமல் விடுவதும் உண்டு. அதே மரபியல், மிருகங்கள் முடிந்த கையோடு மனிதர்களுக்கு வருகிறது. அந்தணருக்கு நூலும் கரகமும், அரசருக்குக் கொடியும் குடையும், வணிகருக்கு வாணிகம், வேளாளருக்கு உழவு. இந்தச் சூத்திரங்கள் இடைச்செருகல் என்று வாதிடும் அறிஞர்கள் இருக்கிறார்கள். அப்படியே இருக்கலாம். ஆனால் செருகியவனுக்கு இந்த இடம்தானே பொருத்தமாகப் பட்டிருக்கிறது? யானையின் கன்றும் பன்றியின் குட்டியும் முடிந்த இடத்தில், நால்வருணத்தை வைத்தால் தையல் தெரியாது என்று அவனுக்குத் தோன்றியிருக்கிறது. சரியாகத்தான் தோன்றியிருக்கிறது, பல நூற்றாண்டுகள் தையல் தெரியவில்லை.

லின்னேயஸ் செய்ததும் இதையே. உயிரினங்களுக்கு இரட்டைப் பெயர் சூட்டும் முறையை நிலைநிறுத்திய ஸ்வீடன்காரர். மனிதனைத் துணிச்சலாகக் குரங்குகளோடு ஒரே வரிசையில் வைத்தவர். 1758இல் வந்த தன் பெரும் பட்டியலின் பத்தாம் பதிப்பில் அவர் மனிதனை நாலாகப் பிரித்தார்: அமெரிக்கன், ஐரோப்பியன், ஆசியன், ஆப்பிரிக்கன். நாலுக்கும் நிறம் சொன்னார், குணம் சொன்னார், உடை சொன்னார். ஐரோப்பியனை ஆள்வது சட்டம், ஆசியனை ஆள்வது அபிப்பிராயம், ஆப்பிரிக்கனை ஆள்வது மனம்போன போக்கு என்று முடித்தார். பூவின் மகரந்தத் தாள்களை ஒன்று இரண்டு என்று பொறுமையாக எண்ணிய மனிதர், ஆப்பிரிக்கனிடம் எதை எண்ணினார்? மரபியலில் கரகமும் குடையும் எப்படி அடையாளங்களோ, அப்படியே இங்கே சட்டையின் இறுக்கமும் தொளதொளப்பும். இரண்டு பட்டியல்களுக்கும் நடுவே கடலும் நூற்றாண்டுகளும் கிடக்கின்றன. பிசகு ஒன்றுதான். பூவுக்குச் செய்ததைத் தொடர்ந்து செய்வதான பாவனையில், செய்வதையே மாற்றிவிடுவது. அதுவரை பார்த்து எழுதிக்கொண்டிருந்தவர்கள், மனிதனிடம் வந்ததும் ஏற்கெனவே தெரிந்திருந்ததை எழுதிவிட்டார்கள்.

சென்னை அருங்காட்சியகத்தில் 1885 முதல் 1908 வரை கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டனும் இந்தப் பாதையில் வந்தவர். மன்னார் வளைகுடாவின் கடல் உயிர்களைச் சேகரித்துப் பட்டியல் போட்டவர், அளவுகோலை அப்படியே மனிதர்களின் மூக்குக்கும் மண்டைக்கும் திருப்பினார். ரங்காச்சாரியின் துணையோடு 1909இல் அவர் வெளியிட்ட தென்னிந்தியக் குலங்களும் குடிகளும் ஏழு தொகுதி. அவ்வளவு அளந்தும் கடைசியில் சாதிகளை அவர் அடுக்கியது ஆங்கில அகரவரிசையில். மூக்கின் அளவு எந்த வரிசையையும் அவருக்குத் தரவில்லை என்று நான் அர்த்தம் செய்துகொள்கிறேன். வேறு விதமாக நினைப்பவர்களும் இருக்கக்கூடும்.

நிற்க. மனிதனிடம் சறுக்கியது இருக்கட்டும், உயிரியலுக்குத் தன் சொந்த வீட்டிலாவது இந்த ஏணி ஒழுங்காக நின்றதா? திண்டுக்கல்காரன் அதற்கு வாழையை விட்டால் வேறெங்கும் போக வேண்டியதில்லை.

சிறுமலையிலிருந்து பொதிக்குதிரைகள் இறக்கிய வாழைத்தாரைப் பார்த்து வளர்ந்தவன் நான். ஊர் பழக்கடைக்காரரிடம் வாழைக்கு ஒரு வகைப்பாடு உண்டு. பூஜைக்கு, கல்யாணத்துக்கு, குழந்தைக்கு, கறிக்கு, பஞ்சாமிர்தத்துக்கு. பூவன், ரஸ்தாளி, மொந்தன், கற்பூரவல்லி, செவ்வாழை, பச்சநாடன், சிறுமலை, விருப்பாச்சி என்ற பெயர்கள் எல்லாம் அதற்குப் பிறகுதான். இது உபயோகப் பிரிவு. இதில் பொய் எதுவும் இல்லை, ஏனென்றால் வாழையைப் பற்றி எதுவும் சொல்வதாக இது பாவனை செய்வதில்லை. வாங்குகிறவனைப் பற்றித்தான் சொல்கிறது.

லின்னேயஸ் ஹாலந்தில் கிளிஃபோர்ட் என்ற தனவந்தரின் ஹார்டெகாம்ப் தோட்டத்துக் கண்ணாடி வீட்டில் ஒரு வாழையைப் பூக்க வைத்து, 1736இல் அதற்கென்றே ஒரு புத்தகம் போட்டார். பிற்பாடு வாழையில் இரண்டு சிற்றினங்களைக் குறித்தார். காய் வாழைக்கு சொர்க்கத்தின் பெயர், பழ வாழைக்கு ஞானிகளின் பெயர்: மூஸா பாரடிஸியாகா, மூஸா ஸேபியென்டம். இருநூறு வருஷங்கள் கழித்துத்தான் தெரிந்தது, இரண்டுமே சிற்றினங்கள் அல்ல, இரண்டும் கலப்பு என்று. விதையுள்ள இரண்டு காட்டு வாழைகள், அக்யுமினாட்டாவும் பால்பிஸியானாவும், எங்கெங்கோ எப்போதெப்போதோ கலந்து பிறந்தவை நம் பழங்களில் பெரும்பாலானவை. வாழைப் பேரினத்துக்கே மாதிரியாக இன்றும் ஏட்டில் நிற்கும் பெயர் ஒரு கலப்புப் பிறவியின் பெயர். 1955இல் சிம்மண்ட்ஸ், ஷெப்பர்ட் என்ற இரண்டு பேர் லத்தீன் பெயர்களை ஒதுக்கிவிட்டு, இலைக்காம்பின் பள்ளம், பூமடலின் சுருள் என்று பதினைந்து அடையாளங்களை எடுத்துக்கொண்டு, ஒவ்வொன்றுக்கும் ஒன்றிலிருந்து ஐந்துவரை எண் போட்டு, எந்தத் தாய் எத்தனை பங்கு என்று எழுத்தால் குறித்தார்கள். அந்தக் கணக்கில் விருப்பாச்சி 'ஏஏபி': இரண்டு பங்கு அக்யுமினாட்டா, ஒரு பங்கு பால்பிஸியானா. பூவனும் ரஸ்தாளியும் நேந்திரனும்கூட அதே எழுத்துக்கள்தான். மொந்தன் 'ஏபிபி'.

சிற்றினம் என்றால் தங்களுக்குள் இனம்பெருக்கிக்கொள்ளும் கூட்டம், பிறவற்றோடு கலக்காதது என்று 1942இல் எர்ன்ஸ்ட் மயர் கொடுத்த வரையறை வெகுகாலம் பரீட்சைப் பதிலாக இருந்தது. வாழையிடம் அது பல் இளிக்கிறது. விருப்பாச்சி யாரோடும் இனம்பெருக்குவதில்லை. அதற்கு விதையே கிடையாது. பக்கக்கன்றைத் தோண்டி நடுகிறோம். வாழையடி வாழையாக என்று தலைமுறைகளை வாழ்த்துகிறோமே, வாழைக்குத் தலைமுறையே இல்லை. மலை முழுக்க நிற்பது கிட்டத்தட்ட ஒரே மரம், ஒரே உடம்பு. அந்த ஒரே உடம்பைத்தான் 1970களில் முடிக்கொத்து நோய் பிடித்தது. அசுவினிப் பூச்சி சுமந்துவந்த வைரஸ். கீழ்ப்பழனி மலையின் வாழைத் தோட்டங்கள் பரப்புப் பரப்பாக அழிந்து, காப்பிக்கும் மிளகுக்கும் மாறின. பிறவியில் கலப்பாக இருந்தும், பிறகு கலப்பே நேராமல் காப்பாற்றப்பட்ட ஒன்றுக்கு நேர்ந்த கதி அது. இதை உவமையாக்கிவிட வேண்டாம் என்று என்னை நானே அடக்கிக்கொள்கிறேன்.

2008இல் சட்டமும் தன் பங்குக்கு வந்தது. விருப்பாச்சி மலைவாழைக்கும் சிறுமலை மலைவாழைக்கும் தனித்தனிப் புவிசார் குறியீடு கிடைத்தது. 2019இல் பழனிப் பஞ்சாமிர்தத்துக்கும். தாவரவியல்காரர்கள் ஒரே உபகுழுவில் வைக்கும் இரண்டு பழங்களைச் சட்டம் மலையைப் பார்த்துப் பிரித்தது. சட்டம் கேட்பது 'எங்கே விளைந்தாய்' என்று. கடைக்காரர் கேட்பது 'எதற்கு ஆவாய்' என்று. உயிரியல் இப்போது கேட்பது ஒன்றே ஒன்று: யாருக்குப் பிறந்தாய்?

இங்கேதான் எனக்கு இடறியது.

1859இல் டார்வின், இயற்கையான வகைப்பாடு என்று ஒன்று இருந்தால் அது வம்சாவளியாகத்தான் இருக்க முடியும் என்றார். ஒற்றுமை ஏமாற்றும், உபயோகம் மாறும், இடம் பெயரும். பிறப்பு மட்டும் மாறாது. இதைக் கல்லூரி நாட்களில் முதன்முதலாகப் படித்தபோது எனக்கு ஏற்பட்டது பரவசம் அல்ல, பயம். செய்கையைப் பார்க்காதே, குணத்தைப் பார்க்காதே, எந்த வயிற்றில் பிறந்தான் என்று பார் என்பதைத்தானே அந்தப் படிவக் கட்டமும் சொன்னது? ஏணியை உதைத்துத் தள்ளிய நவீன விஞ்ஞானம் கடைசியில் அந்தக் குமாஸ்தாவின் கட்சியில் போய்ச் சேர்ந்துவிட்டதா? பகுத்தறிவுப் பேச்சாளர்கள் யாரும் இதற்குப் பதில் சொல்லி நான் கேட்டதில்லை. டார்வின் கடவுளை ஒழித்தார் என்பதோடு அவர்கள் திருப்தியடைந்துவிட்டார்கள்.

எனக்கு ஒரு வழி காட்டியவர், நம் பக்கம் அதிகம் பேசப்படாத ஒரு ஜெர்மானியர். வில்லி ஹென்னிக், பூச்சிகளை ஆராய்ந்தவர். 1950இல் வெளியான தன் நூலில் வம்சாவளிக் கொள்கையை அதன் கடைசி எல்லைவரை இழுத்துக்கொண்டு போனார். ஒரு கூட்டத்துக்குப் பெயர் வேண்டுமானால், ஒரு மூதாதையின் சந்ததிகள் அத்தனையும் அதற்குள் வந்தாக வேண்டும். ஒன்றைக்கூட, 'இது ரொம்ப வேறாகிவிட்டது' என்று சொல்லி வெளியே நிறுத்தக் கூடாது. நிறுத்தினால் அது கூட்டமே அல்ல.

கேட்க எளிய விதி. அது செய்த நாசத்தைப் பாருங்கள். ஊர்வன, பறப்பன என்று எவ்வளவு சுலபமாகச் சொல்லிவந்தோம். முதலைக்குப் பல்லியைவிடக் காக்கைதான் நெருங்கிய சொந்தம். ஆகவே காக்கையை வெளியே நிறுத்திவிட்டு முதலையையும் பல்லியையும் ஊர்வன என்று கட்டிய வீடு இடிந்தது. தொல்காப்பியத்தோடு சேர்த்துக் கைதட்டு வாங்கிய அந்த ஒருவித்திலை, இருவித்திலைப் பிரிவு? ஒருவித்திலை நின்றது, பனையும் புல்லும் வாழையும் இன்றும் ஒரு கூட்டம்தான். இருவித்திலை விழுந்தது. நம் ஊர்க் குளம் ஒன்றில் அல்லியும் தாமரையும் பக்கத்தில் பக்கத்தில் பூத்திருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். கரையில் ஒரு வேம்பு, ஒரு பனை. அல்லியையும் தாமரையையும் சகோதரிகள் என்று கண் சொல்கிறது, கவிதைகளும் சொல்லிவிட்டன. ஆனால் பூக்கும் தாவரங்களின் மரத்தில் அல்லி வெகு சீக்கிரமே பிரிந்துபோன கிளை. தாமரை கரையில் நிற்கும் வேம்புக்கு உறவு. அந்த வேம்புக்கும் பனைக்கும் உள்ள நெருக்கம்கூட வேம்புக்கும் அல்லிக்கும் இல்லை. 1998இல் பல நாட்டுத் தாவரவியலாளர்கள் கூடி மரபணுக்களின் அடிப்படையில் புதுப் பட்டியல் போட்டபோது இருவித்திலை என்ற கூட்டத்துக்கு அதில் இடம் இல்லை.

லிலியேசிக் குடும்பத்தின் கதையையும் சொல்ல வேண்டும். அது நம் வயல்காட்டுக் கதை. நான் படித்த புத்தகத்தில் திண்டுக்கல் சமவெளியின் சின்ன வெங்காயம், வேலியோரச் சோற்றுக்கற்றாழை, தண்ணீர்விட்டான் கிழங்கு, ஒட்டன்சத்திரம் பக்கம் விதைக்காகப் பயிரிடும் கண்வலிக்கிழங்கு, செங்காந்தள் என்றால் கவிஞர்களுக்குப் புரியும், எல்லாம் ஒரே குடும்பம். ஆறு இதழ், ஆறு மகரந்தத் தாள், சூற்பை மேலே. போதும், உள்ளே வா. வேறெங்கும் வைக்கத் தெரியாததையெல்லாம் போட்டுவைத்த பரண் அது என்று இப்போது ஒப்புக்கொண்டுவிட்டார்கள். நாலும் நாலு குடும்பங்களுக்குப் போய்விட்டன; லில்லியோடு ஒன்றுகூட மிச்சமில்லை. கண்வலிக்கிழங்கு போய்ச் சேர்ந்த இடம், மூட்டுவாத மருந்துக்காக ஐரோப்பாவில் வெகுகாலமாகத் தோண்டப்பட்ட கால்ச்சிக்கத்தின் குடும்பம். இரண்டிலும் ஒரே விஷம், கால்ச்சிசின். பூவின் முகம் மறைத்த உறவைக் கிழங்கின் விஷம் மறைக்கவில்லை. வியாபாரி கிலோவுக்கு விலை சொன்னதும் அந்த விஷத்துக்குத்தான்.

ஆக, ஹென்னிக் எனக்குச் சொன்னது இது. பிறப்பைக் கொண்டு வகுப்பதில் குற்றமில்லை. பிறப்பைப் பாதியில் நிறுத்துவதில்தான் குற்றம். சாதி வம்சாவளி பேசுகிறது, ஆனால் அது ஒரு கிளையை வெட்டி வைத்துக்கொண்டு அதையே மரம் என்கிறது. ஒதுக்கி வைத்ததால் மட்டுமே உருவான கூட்டங்களுக்கு உயிரியல் இன்று பெயர் தருவதில்லை. உயிரியலின் வம்சாவளியை மேலே மேலே தொடர்ந்து போனால் ஒவ்வொரு பிரிவுக்கோடும் ஒரு காலத்தில் பிரிவில்லாத இடம்.

இந்தப் பத்தியை எழுதி முடித்தபோது ஒரு வெற்றிப் பெருமிதம் இருந்தது. மறுநாள் காலை படித்துப் பார்த்தேன். கரைந்துவிட்டது. நான் செய்திருப்பது என்ன? முதலையையும் காக்கையையும் முடித்த கையோடு மனிதனுக்கு வந்துவிட்டேன். மரபியல் செய்ததும் லின்னேயஸ் செய்ததும் இதுவேதான். என் முடிவு நல்ல முடிவாக இருப்பதால் வழி நல்ல வழியாகிவிடுமா? நாளைக்கு ஹென்னிக்கின் விதி பிழை என்று ஒருவன் நிரூபித்தால் சேரி மறுபடி ஊருக்கு வெளியே போகட்டும் என்பேனா? மனிதர்கள் சமம் என்பதற்கு முதலையின் சாட்சி தேவைப்படுகிறவன், ஏதோ ஓர் இடத்தில் அதைச் சந்தேகிக்கிறவன்தான். எனக்குள் அந்தச் சந்தேகம் எங்கே இருந்தது என்று தேடினால், ஏழாம் வகுப்பில் சிரித்த சிரிப்பில் போய் நிற்கிறது.

அன்று என் பக்கத்தில் இருந்தவன் பிற்பாடு விலங்கியலே படித்தான். பள்ளிக்கூட ஆசிரியனாகி, முப்பது வருஷத்துக்கு மேல் அதே ஏணியைக் கரும்பலகையில் வரைந்து, ஓய்வும் பெற்றுவிட்டான். இந்தக் கட்டுரையை இதுவரை எழுதியதும் கையெழுத்துப் பிரதியை அவனிடம் கொடுத்தேன். மலைக்கோட்டை அடிவாரத்தில் ஒரு டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து முழுக்கப் படித்தான். கிழங்கின் விஷத்தைப் பற்றிய இடத்தில் தலையாட்டினான். கடைசிப் பக்கத்தை மடித்து என்னிடம் கொடுத்தான்.

"நீ சிரிச்சத எழுதியிருக்கப்பா. நான் அன்னிக்கு அந்தக் கட்டத்துல என்ன எழுதிக் குடுத்தேன்னு எழுதலயே."

அது எனக்கு ஞாபகமில்லை என்றேன்.

"எழுதிக் குடுத்தேன்ல. குடுத்ததாலதான் ஸ்காலர்ஷிப் வந்துச்சு. அது வந்ததாலதான் காலேஜ். அந்தக் கட்டம் இல்லேன்னா உன் ஹென்னிக்க நான் எங்க போய்ப் படிக்கிறது?"

நான் வகுப்புவாரி உத்தரவைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தேன். 1921இல் நீதிக்கட்சி ஆட்சியில் வந்தது, 1951இல் உச்சநீதிமன்றம் செல்லாது என்றது, அதே வருஷம் அரசியல் சட்டத்தையே திருத்த வேண்டிவந்தது. ஒதுக்குவதற்காகப் போட்ட கோட்டின் மேலேயே நின்றுகொண்டு, ஒதுக்கப்பட்டவனுக்குச் சேரவேண்டியதைக் கேட்கும் நிலைமை விநோதமானது என்றேன்.

"விநோதம் உனக்கு" என்றான். பிறகு கொஞ்ச நேரம் பேசவில்லை. டீ ஆறிக்கொண்டிருந்தது. "லிலியேசியிலருந்து வெங்காயத்தத் தூக்கி வேற குடும்பத்துல வச்சாங்கன்னு எழுதியிருக்கியே. சரி. வெங்காயத்துக்கு வலிச்சுச்சா?"

என்னிடம் பதில் இல்லை. அவன் எதிர்பார்க்கவும் இல்லை.

"தப்பா வச்சிருந்தப்பவும் வலிக்கல, சரியா வச்சப்பவும் வலிக்கல. அத்தன பக்கத்துல இது ஒண்ணத்தான் நீ விட்டுட்ட."

எழுந்து நடந்தோம். பஸ் நிலையம் போகும் வழியில் ஒரு பழக்கடையில் நின்றான். சிறுமலை ஒரு சீப்பு கேட்டான். கடைக்காரர் இரண்டு தாரைத் தள்ளிவிட்டு மூன்றாவதில் கத்தியை வைத்துக்கொண்டு, "பூஜைக்கா, சாப்பிடவா?" என்றார்.

"சாப்பிட" என்றான்.